கதவின் இருபுறமும் நின்றவர்

மூன்று மாநிலங்கள் சந்திக்கும் முனையில் இருக்கும் ஊர் வேப்பனப்பள்ளி. வடக்கே சிறிது தூரத்தில் கர்நாடகம் தொடங்கிவிடுகிறது. கிழக்கே ஆந்திரத்தின் குப்பம் வட்டாரம். சென்னை 250 கி.மீ.க்கும் அப்பால் இருக்கிறது. பெங்களூரு அதில் பாதித் தொலைவுகூட இல்லை. ஆயினும், தொழிற்பேட்டைக்காகத் தம் நிலத்தை எடுத்துக்கொள்ளும் அரசாணையை எதிர்த்து இவ்வூர் விவசாயி ஒருவர் அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் பேராணை கோர நினைத்தால், அவர் ஏற வேண்டியது சென்னைப் பேருந்துதான். போய்ச் சேர்ந்த பிறகும், எடுத்த எடுப்பில் அவருடைய குறை கேட்கப்படும் என்பதில்லை. மனுதாரர் நேரடியாகப் பாதிக்கப்பட்டவரா, வேறு சட்ட வழி இருக்கும்போது அதை ஏன் நாடவில்லை, இத்தனை காலம் ஏன் தாமதித்தார், விவகாரம் இந்த நீதிமன்றத்தின் ஆள்வரைக்குள் எழுந்ததா என்ற கேள்விகளுக்கெல்லாம் விடை சொல்லியாக வேண்டும். நிலத்தை எடுத்தது சரியா என்ற கேள்வி அதற்குப் பிறகுதான் வரும்.

இந்த வாசல் கேள்விகள் பலவும் உருப்பெற்ற காலமும், இதே எல்லைப்புறத்தில் பிறந்த ஒருவரின் பொதுவாழ்வும் வியக்கத்தக்க அளவுக்குப் பின்னிக் கிடக்கின்றன. அவர் சக்கரவர்த்தி ராஜகோபாலாச்சாரி. ராஜாஜியை மதுவிலக்குக்காகவும், இந்தித் திணிப்புக்காகவும், குலக்கல்வி என்று பெயர்பெற்ற திட்டத்துக்காகவும் நினைவுகூர்கிறோம். நீதிமன்றக் கதவின் உள்ளேயும் வெளியேயும் மாறி மாறி நின்றவர் என்ற முறையில் அவரைப் பற்றி அதிகம் பேசப்பட்டதில்லை.

1878 டிசம்பர் 10 அன்று ஒசூருக்கு அருகிலுள்ள தொரப்பள்ளியில் அவர் பிறந்தபோது, இன்றைய கிருஷ்ணகிரி மாவட்டம் முழுவதும் சேலம் மாவட்டத்தின் பகுதி. தந்தை கிராம முன்சீப். வரி வசூலோடு, சிறு தொகைக்கான வழக்குகளைத் தீர்க்கும் அதிகாரமும் அந்தக் காலத்துக் கிராம முன்சீப்புக்கு உண்டு. வாதியும் பிரதிவாதியும் நடந்தே வந்து சேரும் தொலைவில் நீதி இருந்த ஏற்பாடு அது. அந்த நீதி யார் பக்கம் சாய்ந்தது என்பது வேறு கதை. ஒசூரில் பள்ளிப்படிப்பு, பெங்களூரு சென்ட்ரல் கல்லூரியில் பட்டம், சென்னை மாநிலக் கல்லூரியில் சட்டம் என்று படித்து முடித்தவர், 1900-இல் சேலத்தில் வழக்கறிஞர் தொழிலைத் தொடங்கினார். விரைவிலேயே நல்ல வருமானமும் பெயரும் வந்தன. 1917-இல் சேலம் நகராட்சித் தலைவரானார்.

அவர் தொழில் செய்த சேலத்தில் இல்லாத ஒன்றை இங்கே சொல்ல வேண்டும். அரசு அமைப்பொன்றின் ஆணையை ரத்துசெய்யும் பேராணையை அந்நாளில் சென்னை உயர் நீதிமன்றம் பிறப்பிக்க முடியும். ஆனால், அந்த அதிகாரம் சென்னை நகர எல்லைக்குள் மட்டுமே செல்லும். கிழக்கிந்தியக் கம்பெனி காலத்து நீதிமன்றத்திடமிருந்து சுவீகரித்த வரம்பு அது. இதை லண்டனிலிருந்த பிரிவி கவுன்சில் 1943-இல் பர்லாகிமிடி ஜமீன் குடியானவர்களின் வழக்கில் திட்டவட்டமாக உறுதிசெய்தது. கஞ்சம் மாவட்டத்துக் குடியானவர்களின் வாடகையை நிர்ணயித்த வருவாய் வாரியம் சென்னையில்தான் அமர்ந்திருந்தது. என்றாலும், தகராறு வெளியூரைச் சேர்ந்தது என்பதால் அவர்களுக்குப் பேராணை கிடைக்கவில்லை. சேலமோ வேப்பனப்பள்ளியோ அந்த வரம்புக்குள் வருவதற்கு வாய்ப்பே இல்லை. 1950 ஜனவரி 26 அன்றுதான் உயர் நீதிமன்றத்தின் பேராணை மாகாணத்தின் கடைசிக் கிராமம்வரை செல்லும் அதிகாரம் பெற்றது. இன்று நாம் அலுத்துக்கொள்ளும் நிபந்தனைகளைப் பேசும்போது, அதற்கு முன் கதவே இருந்ததில்லை என்பதையும் மறக்கக் கூடாது.

1919-இன் தொடக்கத்தில் ராஜாஜி சென்னைக்குக் குடிபெயர்ந்தார். அவ்வாண்டு மார்ச் மாதம் காந்தி அவருடைய வீட்டில் தங்கியிருந்தபோதுதான், ரெளலட் சட்டத்தை எதிர்த்து நாடெங்கும் கடையடைப்பும் உண்ணாநோன்பும் நடத்தும் எண்ணம் அவருக்கு உதித்தது. வழக்கமான விசாரணையின்றி மக்களைக் காவலில் வைக்க வழிசெய்த சட்டம் அது. நீதிமன்றத்தைச் சுற்றிக்கொண்டு போகும் அரசுக்கு எதிராக எழுந்த இயக்கத்தில் சேர்ந்த இந்த வழக்கறிஞர், ஒத்துழையாமையின்போது நீதிமன்றத் தொழிலையே துறந்தார். 1921 டிசம்பரில் வேலூர் சிறைக்குப் போனார். பிறகு திருச்செங்கோட்டுக்கு அருகே புதுப்பாளையம் ஆசிரமம், 1930-இல் வேதாரண்யம் உப்பு யாத்திரை. இவை பலரும் அறிந்தவை.

1937-இல் சென்னை மாகாணப் பிரதமரானபோது அவர் கதவின் மறுபுறத்துக்கு வந்தார். அங்கு அவர் செய்த இரண்டு காரியங்களை அருகருகே வைத்துப் பார்க்க வேண்டும். இந்தி எதிர்ப்புப் போராட்டக்காரர்கள்மீது குற்றவியல் சட்டத் திருத்தச் சட்டத்தை அவருடைய அரசு பயன்படுத்தியது. காங்கிரஸ்காரர்களை அடக்க ஆங்கிலேயர் கையாண்ட சட்டம் அது. அதைக் கையில் எடுத்தது அவருடைய பெயரில் இன்றும் கறையாக இருக்கிறது, இருக்க வேண்டியதும்தான்.

மற்றொன்று 1939 ஜூலையில் நடந்தது. அம்மாதம் 8-ஆம் நாள் மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் அ. வைத்தியநாத ஐயர் தாழ்த்தப்பட்ட மக்களையும் நாடார் சமூகத்தினரையும் அழைத்துச் சென்றார். அப்போதிருந்த சட்டத்தின்படி, நுழைந்தவர்கள்மீதும் அனுமதித்த கோயில் நிர்வாகத்தினர்மீதும் வழக்குத் தொடுக்க இடமிருந்தது. வைதிகர்கள் நீதிமன்றத்தை நாடினர். ராஜாஜி அரசு முதலில் அவசரச் சட்டத்தாலும், பின்னர் ஆலய நுழைவு அதிகாரமளிப்பு மற்றும் பாதுகாப்புச் சட்டத்தாலும் அவர்களை வழக்குகளிலிருந்து காத்தது. நடந்து முடிந்த செயலுக்கும் பொருந்துமாறு, வழக்கின் வாயிலை அடைத்த சட்டம் அது. வைதிகர்களின் உரிமை மறுக்கப்பட்டது என்று இன்று எவரும் வருந்துவதில்லை. ஆகவே, நீதிமன்றக் கதவை அடைப்பது எப்போதுமே அநீதி என்று சூத்திரம் எழுதிவிட முடியாது. ஆனால், அடைக்கத் தெரிந்த கை எதையெல்லாம் அடைக்கும் என்ற கேள்வி அங்கிருந்தே தொடங்குகிறது.

1948 ஜூன் முதல் குடியரசு பிறக்கும்வரை அவர் நாட்டின் கவர்னர் ஜெனரல். அரசமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்த சில வாரங்களுக்குள் அதன் முதல் பெரிய சோதனைகள் சென்னை மாகாணத்திலிருந்தே கிளம்பின. பம்பாயிலிருந்து வெளிவந்த கிராஸ்ரோட்ஸ் என்னும் ஆங்கில வார இதழ் மாகாணத்துக்குள் நுழைவதை, 1950 மார்ச் 1 அன்று சென்னை அரசு தடைசெய்தது. இதழை நடத்திய ரமேஷ் தாப்பர் 32-ஆவது பிரிவின்கீழ் நேராக உச்ச நீதிமன்றம் சென்றார். முதலில் உயர் நீதிமன்றத்துக்குப் போயிருக்க வேண்டும் என்று அரசுத் தரப்பு வாசலிலேயே மறித்தது. தமிழரான நீதிபதி பதஞ்சலி சாஸ்திரி அந்த ஆட்சேபத்தை ஏற்கவில்லை. அடிப்படை உரிமைக்காக உச்ச நீதிமன்றத்தை அணுகுவதே ஓர் அடிப்படை உரிமை என்பதால், கீழே போய்விட்டு வா என்று திருப்பி அனுப்ப முடியாது என்றது 1950 மே 26-ஆம் நாள் தீர்ப்பு. பேராணை மனுக்களின் வரலாற்றில் கதவு அவ்வளவு அகலமாகத் திறந்த நாள் வேறு இல்லை என்பேன்.

அதற்கு ஒரு வாரம் முன்புதான், சென்னை மாகாணத்தில் தடுப்புக்காவலில் இருந்த ஏ.கே. கோபாலனின் மனு தோற்றிருந்தது. தடுப்புக்காவல் சட்டம் செல்லும் என்ற உச்ச நீதிமன்றம், காவலுக்கான காரணங்களை நீதிமன்றத்திடமே வெளியிடக் கூடாது என்று தடுத்த 14-ஆவது பிரிவை மட்டும் நீக்கியது. வல்லபபாய் படேலின் மறைவுக்குப் பிறகு உள்துறை அமைச்சரான ராஜாஜி, 1951 பிப்ரவரியில் அதே சட்டத்தை நீட்டிக்கும் மசோதாவை நாடாளுமன்றத்தில் நடத்திச் சென்றார். ரெளலட் சட்டத்தை எதிர்த்துப் புறப்பட்டவர், 32 ஆண்டுகளுக்குப் பிறகு விசாரணையற்ற காவலுக்காக வாதாடினார். ஒன்றை மட்டும் அவருக்குச் சாதகமாகச் சொல்லலாம்: எல்லாக் காவல் ஆணைகளும் ஆலோசனைக் குழுவின் பரிசீலனைக்குச் செல்ல வேண்டும் என்ற திருத்தம் அப்போதுதான் வந்தது. நீதிமன்றம் அல்லாத, வழக்கறிஞர் நுழைய முடியாத சிறு கதவு, எனினும் கதவு.

அதே ஆண்டு ஜூனில், அவர் அங்கம் வகித்த அமைச்சரவையின் அரசமைப்புச் சட்ட முதல் திருத்தம் ஒன்பதாவது அட்டவணையை உருவாக்கியது. அதில் சேர்க்கப்பட்ட 13 நிலச் சட்டங்களை, அடிப்படை உரிமைக்கு முரணானவை என்று கூறி எந்த நீதிமன்றமும் செல்லாததாக்க முடியாது என்றாயிற்று. ஜமீன்தாரி ஒழிப்பைக் காக்க வேண்டிய கட்டாயம் உண்மையே. ஆனால் 13 என்ற எண்ணிக்கை பின்னாளில் 280-ஐத் தாண்டிச் சென்றது.

இனி 1952. நமது பொருளுக்கு இதுவே மையம்.

முதல் பொதுத்தேர்தலில் சென்னை சட்டப்பேரவையின் 375 இடங்களில் காங்கிரசுக்குக் கிடைத்தவை 152. பெரும்பான்மை இல்லை. தங்குதூரி பிரகாசம் தலைமையில் எதிர்க்கட்சிகள் கூட்டணி அமைத்து ஆட்சி அமைக்க உரிமை கோரின. காங்கிரஸ் தலைவர்கள், ஓய்வுக்குச் சென்றிருந்த ராஜாஜியை நாடினர். அவர் தேர்தலில் போட்டியிடவில்லை. இடைத்தேர்தலில் நிற்கவும் விரும்பவில்லை. ஆளுநர் ஸ்ரீபிரகாசா அவரைச் சட்டமேலவையின் நியமன உறுப்பினராக்கினார். இலக்கியம், அறிவியல், கலை, கூட்டுறவு, சமூக சேவை ஆகியவற்றில் தனியறிவோ அனுபவமோ உள்ளோருக்காக 171-ஆவது பிரிவு ஒதுக்கிய இடம் அது. ஏப்ரல் 10 அன்று அவர் முதலமைச்சராகப் பதவியேற்றார்.

மக்களிடம் வாக்குக் கேட்காத ஒருவர், அறிஞர்களுக்கான நியமன இடத்தின் வழியே மாநிலத்தின் தலைமைப் பதவிக்கு வரலாமா? இதைக் கேட்டு உயர் நீதிமன்றத்துக்குப் போனவர் கம்யூனிஸ்ட் தலைவர் பி. ராமமூர்த்தி. அந்தத் தேர்தலில் மதுரையில் வென்றவர். தலைமை நீதிபதி பி.வி. ராஜமன்னாரும் நீதிபதி வெங்கடராம ஐயரும் மனுவைத் தள்ளுபடி செய்தார்கள். அரசமைப்பு மரபு மீறப்பட்டதால் மனுதாரர் தனிப்பட்ட முறையில் பாதிக்கப்படவில்லை என்பது காரணம். ஆக, நியமனம் முறையா என்ற கேள்வி வாசலிலேயே நின்றுவிட்டது.

இந்தத் தீர்ப்பை அன்றைய சட்டநிலையை வைத்துக் குறைசொல்வதற்கில்லை. தமக்கு இழப்பு ஏற்பட்டவரே வழக்காட வேண்டும் என்பது அப்போது உலகெங்கும் ஏற்கப்பட்ட விதி. ஆனால், அதன் விளைவைப் பாருங்கள். ராமமூர்த்தி பாதிக்கப்படவில்லை என்றால், பாதிக்கப்பட்டவர் யார்? அந்த நியமனத்தால் தனியாக இழப்படைந்த ஒருவரைச் சுட்டிக்காட்டவே முடியாது. பாதிப்பு என்று ஒன்று இருந்தால், அது வாக்களித்த எல்லோருக்கும் பொதுவானது. எல்லோருக்கும் பொதுவான குறையை எவருமே எழுப்ப முடியாது என்றாகிவிடுகிறது.

ராஜாஜி வழக்கறிஞர். எதிர்த்தரப்பின் கேள்வி விசாரிக்கப்படாமல் போனதற்கும் தம் பக்கம் சரியென்று தீர்ப்பானதற்கும் உள்ள வித்தியாசம் அவருக்குத் தெரியாமல் இருந்திருக்காது. ஜூலை மாதம் பேரவையில் பெரும்பான்மையை மெய்ப்பித்தார். உணவுக் கட்டுப்பாட்டை நீக்கிப் பாராட்டும் பெற்றார். ஆட்சி நின்றது, கேள்வியும் அப்படியே நின்றது.

இதே காலத்தில் வேறு இரண்டு மனுக்களும் சென்னையிலிருந்து உச்ச நீதிமன்றம்வரை சென்றன. ஒன்று, ராஜாஜியின் பழைய சேலம் மாவட்டத்தைச் சேர்ந்தது. நாமக்கல் தொகுதியில் என்.பி. பொன்னுசாமியின் வேட்புமனுவைத் தேர்தல் அதிகாரி நிராகரித்தார். அவர் பேராணை கேட்டார். தேர்தல் நடவடிக்கை தொடங்கிய பின் இடையில் எந்த நீதிமன்றமும் குறுக்கிட முடியாது, எல்லாம் முடிந்த பிறகு தேர்தல் மனுதான் வழி என்று 329-ஆவது பிரிவை விளக்கி, 1952 ஜனவரி 21 அன்று உச்ச நீதிமன்றம் கைவிரித்தது. இன்றும் ஒவ்வொரு தேர்தலிலும் வேட்புமனு நிராகரிக்கப்பட்டவர்கள் முட்டிக்கொள்ளும் சுவர் அது.

மற்றொன்று இன்னும் விசித்திரமானது. காக்கிநாடா தனித்தொகுதியிலிருந்து 1952 இடைத்தேர்தலில் சென்னை சட்டப்பேரவைக்கு வந்தவர் சாகா வெங்கடராவ். 1942-இல் ஏழாண்டுத் தண்டனை பெற்று, 1947 ஆகஸ்ட் 15 அன்று விடுதலையானவர். விடுதலைக்குப் பின் ஐந்தாண்டு முடியுமுன் தேர்ந்தெடுக்கப்பட்டதால் பதவிக்குத் தகுதியற்றவரா என்ற கேள்வி தேர்தல் ஆணையத்துக்குப் போனது. அந்த விசாரணைக்கு எதிராகச் சென்னை உயர் நீதிமன்றத்தில் அவர் ஆணை பெற்றார். 1953 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், தேர்ந்தெடுக்கப்பட்ட பின் ஏற்படும் தகுதியின்மையைத்தான் ஆணையம் ஆராயலாம் என்ற அவருடைய வாதத்தை ஒப்புக்கொண்டது. ஆனாலும் அவருக்குக் கிடைத்த ஆணையை ரத்துசெய்தது. தேர்தல் ஆணையம் தில்லியில் இருக்கிறது. சென்னை நீதிமன்றத்தின் பேராணை தில்லிக்குப் போகாது. வாதத்தில் வென்று வழக்கில் தோற்றார். மத்திய அரசின் எந்த அலுவலகத்தை எதிர்த்தாலும் தில்லியைச் சார்ந்த நீதிமன்றத்துக்கே போக வேண்டும் என்ற இந்த நிலையை மாற்ற, 1963-இல் அரசமைப்புச் சட்டத்தின் 15-ஆவது திருத்தம் தேவைப்பட்டது. வழக்கின் காரணம் எங்கே எழுந்ததோ அந்த உயர் நீதிமன்றத்துக்கும் அதிகாரம் உண்டு என்று அது சேர்த்தது.

இந்த மூன்று மனுக்களும் வாசலிலேயே தோற்றன. ஆனால் மூன்றும் ஒன்றல்ல. பொன்னுசாமிக்கு வேறொரு கதவு காட்டப்பட்டது. தாமதமானதுதான், தேர்தல் முடிந்த பிறகு கிடைப்பதுதான். இருந்தும் அது ஒரு வழி. வெங்கடராவுக்குச் சென்னையில் இல்லாத கதவு வேறு ஊரில் இருந்தது. ராமமூர்த்திக்கோ எந்தக் கதவும் காட்டப்படவில்லை. பேராணை மனுக்களுக்கான நடைமுறை வரம்புகளை எடைபோட எனக்குத் தெரிந்த நேரான அளவுகோல் இதுதான். திருப்பி அனுப்பும்போது போகுமிடத்தைச் சொல்லும் வரம்பை ஏற்கலாம். போகுமிடமே இல்லாமல் திருப்பி அனுப்புவது, கேள்வியைக் கொன்றுவிடுவது.

1954 ஏப்ரலில் கல்வித் திட்டச் சர்ச்சையில் பதவி விலகிய ராஜாஜி, 1959-இல் சுதந்திராக் கட்சியைத் தொடங்கியபோது மீண்டும் கதவுக்கு வெளியே வந்தார். உரிமம், அனுமதிச்சீட்டு, ஒதுக்கீடு என்று அரசின் கை நீள்வதை எதிர்ப்பதே அக்கட்சியின் மூச்சு. சென்னை மாநிலத்தின் 1961-ஆம் ஆண்டு நில உச்சவரம்புச் சட்டத்தை உச்ச நீதிமன்றம் 1964 மார்ச்சில் செல்லாது என்றது. அதே ஆண்டில் 17-ஆவது திருத்தம் அந்தச் சட்டத்தையும் சேர்த்து 44 சட்டங்களை ஒன்பதாவது அட்டவணைக்குள் கொண்டுபோய் வைத்தது. இந்தத் திருத்தத்தைச் சுதந்திராக் கட்சி கடுமையாக எதிர்த்தது. 1951-இல் ராஜாஜி இருந்த அமைச்சரவை கட்டிய அறைதான் அது. இப்போது அதன் பூட்டைக் குறித்து அவர் முறையிட்டார். முரண்பாடு என்பார்கள் சிலர். முதுமையில் வந்த தெளிவு என்பார்கள் வேறு சிலர். அதிகாரத்தில் இருப்பவருக்கு வழக்கு ஓர் இடையூறாகவும், வெளியே இருப்பவருக்கு அதுவே கடைசிப் புகலாகவும் தோன்றுவது அவர் ஒருவருக்கு மட்டும் நேர்ந்ததல்ல. சமூகநீதிக்காக நிலச் சட்டங்களை ஆதரித்தவர்கள், நெருக்கடி நிலையில் தடுப்புக்காவலை எதிர்த்து வழக்காட வழியின்றி நின்றதையும் இந்த நாடு பார்த்தது.

1972 டிசம்பர் 25 அன்று ராஜாஜி மறைந்தார். நான்கு மாதங்களுக்குள் கேசவானந்த பாரதி தீர்ப்பு வந்தது. அந்தத் தீர்ப்பு நாளுக்குப் பின் ஒன்பதாவது அட்டவணையில் சேர்க்கப்பட்ட சட்டங்களையும் நீதிமன்றம் சோதிக்கலாம் என்று 2007 ஜனவரியில் ஒன்பது நீதிபதிகள் அமர்வு அறிவித்தது. நீலகிரி மாவட்டத்துக் கூடலூர் ஜன்மம் நிலங்களைக் குறித்த தமிழ்நாட்டுச் சட்டத்திலிருந்து கிளம்பிய வழக்கு அது. பூட்டு பாதி திறந்தது.

வேப்பனப்பள்ளி விவசாயியிடம் திரும்புவோம். 1950-க்கு முன் அவருக்கு இல்லாத பேராணை இன்று இருக்கிறது. மத்திய அரசு அலுவலகத்தை எதிர்க்கத் தில்லிக்கு ஓட வேண்டியதில்லை. மாற்று வழி இருக்கிறது என்று சொல்லி அவரைத் திருப்பி அனுப்பும்போது, அந்த வழி உண்மையிலேயே திறந்திருக்கிறதா, இழப்பீட்டு மேல்முறையீட்டை விசாரிக்க அங்கே அதிகாரி இருக்கிறாரா, அவர் முடிவெடுக்குமுன் நிலத்தில் சுற்றுச்சுவர் எழும்பிவிடுமா என்பதை நீதிமன்றம் பார்க்க வேண்டும். மாற்று வழி என்பது பேராணைக்கு முழுத் தடை அல்ல, நீதிமன்றம் தானே விதித்துக்கொண்ட கட்டுப்பாடு மட்டுமே என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. தாமதமும் அப்படித்தான். 226-ஆவது பிரிவின்கீழ் மனு செய்ய இத்தனை நாள் என்று அரசமைப்புச் சட்டம் கெடு எதுவும் விதிக்கவில்லை; தாமதத்துக்கு நியாயமான விளக்கம் இருந்தால் கதவு திறக்கலாம். நிலம் பறிபோவதைப் பத்திரிகை அறிவிப்பில் படித்து அறியாதவருக்கு அந்த விளக்கத்தைச் சொல்லவாவது வாய்ப்பளிக்க வேண்டும். மனுக்கள் குவிகின்றன, பொய்யான மனுக்களும் வருகின்றன என்பது உண்மையே. அவற்றுக்கு அபராதம் விதிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் இருக்கிறது.

தனிப்பட்ட பாதிப்பு இல்லையென்றாலும், பொதுநலன் கருதி நல்லெண்ணத்துடன் வருபவரைத் திருப்பி அனுப்பக் கூடாது என்ற நிலைப்பாட்டை, 1981 டிசம்பர் 30 அன்று எஸ்.பி. குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் எடுத்தது. முப்பது ஆண்டுகளுக்கு முன் ராமமூர்த்தியின் மனுவைத் தடுத்த விதி அன்றோடு தளர்ந்தது. ராஜாஜி அதைப் பார்க்க உயிரோடில்லை. ராமமூர்த்தி இருந்தார், 1987 டிசம்பரில்தான் காலமானார்.